கையெழுத்துப் போட ஒரு ஊர்

பிப்ரவரி 4, 2008. திங்கள்

விடியும் நேரத்தில் திருத்துறைப்பூண்டி வந்து இறங்கினேன். பாலாற்றங்கரையிலிருந்து இங்கே வர மூன்று பேருந்து மாற வேண்டியிருந்தது. கால் வீங்கிவிட்டது. பேருந்து நிலையக் குழாயில் முகம் கழுவிக்கொண்டு லாட்ஜ் தேடினேன். மூன்று இடத்திலும் ஒரே கேள்வி.

“கூட யாரு வர்றா?”

“யாரும் இல்லைங்க. நான் மட்டும்தான்.”

“தனியா வர்ற லேடீஸுக்கு ரூம் குடுக்கிறதில்லைங்க.”

வக்கீல் அமலாவுக்குப் போன் செய்தேன். அவருடன் கல்லூரி விடுதியில் இருந்த ஜெயக்கொடி இங்கே அரசு மருத்துவமனையில் நர்ஸ். அவர் வீட்டு மாடியில் ஓர் அறை கிடைத்தது.

“பத்திரிகை கேஸுன்னு அமலா சொன்னா. அப்ப ஒண்ணும் இல்ல, இருந்துக்குங்க. எனக்கு ஒரு வாரம் பகல் டியூட்டி, ஒரு வாரம் ராத்திரி. வீட்ல ஆள் இருக்கா இல்லையான்னு எனக்கே தெரியாது” என்று சாவியைக் கொடுத்துவிட்டு வேலைக்குப் போய்விட்டார்.

பத்து மணிக்குக் காவல் நிலையம். பதிவேடுகளைப் பார்க்கும் ஏட்டின் பெயர் கலியமூர்த்தி. எல்லோரும் ரைட்டர் என்று கூப்பிடுகிறார்கள். நீதிமன்ற உத்தரவை இரண்டு முறை படித்தார்.

“பேரு?”

“பூங்கோதை.”

“வயசு?”

“நாப்பத்தி மூணு.”

“வீட்டுக்காரர் பேரு?”

“இல்லைங்க.”

“இல்லைன்னா? தவறிட்டாரா?”

“கல்யாணம் ஆகலை.”

அந்தக் கட்டத்தில் ஒரு சின்னக் கோடு போட்டார். கட்டத்துக்குச் சரியாக நடுவில் போட்டார். இன்னொரு நாளாக இருந்தால் பாராட்டியிருப்பேன்.

பிப்ரவரி 5, செவ்வாய்

கையெழுத்துப் போட்டேன். ஒரு வாளி, ஒரு குவளை, ஒரு பாய் வாங்கினேன்.

பிப்ரவரி 7, வியாழன்

நடந்ததை நாள்வாரியாகக் குறித்து வைக்கச் சொல்லியிருக்கிறார் அமலா. வழக்கு நடக்கும்போது உதவுமாம். முதலிலிருந்து எழுதுகிறேன்.

‘வெளிச்சுவர்’ எங்கள் வாரப் பத்திரிகை. எட்டுப் பக்கம், சனிக்கிழமை வெளிவரும். ஆசிரியர் தோழர் தயானந்தன். பக்கங்களை வடிவமைப்பவள் நான். தோல் தொழிற்சாலைகள் பற்றியும் ஆற்றைப் பற்றியும் வரும் செய்திகளில் பாதி நான் எழுதுவதுதான்.

டிசம்பரில் ஒரு தொழிற்சாலையின் கழிவுத் தொட்டியைச் சுத்தம் செய்ய இறங்கிய ஏகாம்பரமும் முனிரத்தினமும் விஷவாயு தாக்கி இறந்துபோனார்கள். அவர்கள் எங்கள் ஆட்களே இல்லை, திருட வந்தவர்களாக இருக்கலாம் என்றது நிர்வாகம். அந்த இருவரின் மனைவிகளான அலமேலுவுக்கும் கஸ்தூரிக்கும் இழப்பீடு கிடையாது என்றது. பத்து நாள் கழித்து எங்கள் அலுவலகத்துக்கு ஒரு பெண் வந்தாள். அன்று தோழர் சென்னைக்குப் போயிருந்தார். அந்தத் தொழிற்சாலையின் வருகைப் பதிவேட்டில் ஒரு பக்கத்தை நகலெடுத்துக் கொண்டுவந்திருந்தாள். இரண்டு பெயரும் அதில் இருந்தன. அந்த மாதம் முழுக்க வேலைக்கு வந்த கணக்கு இருந்தது.

“நான் குடுத்தேன்னு யாருக்கும் தெரியக் கூடாதுக்கா” என்றாள். தெரியாது என்றேன்.

அந்தப் பக்கத்தை அப்படியே முதல் பக்கத்தில் போட்டோம். ஓரத்தில் எழுதியவரின் சுருக்கொப்பம் இருந்தது. அதை மட்டும் வெட்டிவிட்டேன். ஏன் வெட்டினாய் என்று தோழர் கேட்டார். இடம் போதவில்லை என்றேன். பத்தொன்பது வருடத்தில் அவரிடம் நான் சொன்ன முதல் பொய் அதுவாகத்தான் இருக்கும்.

ஆவணத் திருட்டு, போலி ஆவணம் என்று நிர்வாகம் புகார் கொடுத்தது. ஜனவரி பத்தொன்பதாம் தேதி என்னைக் கைது செய்தார்கள். தோழர் சென்னையில் இருந்ததால் முன்ஜாமீன் வாங்கிவிட்டார். அது நல்லதாகப் போயிற்று. அவருக்கு இரத்த அழுத்தம் இருக்கிறது, சிறையெல்லாம் தாங்காது. பதினாறாம் நாள் நான் ஜாமீனில் வெளியே வந்தேன். மறு உத்தரவு வரும்வரை இந்த ஊரிலேயே தங்கி, தினமும் காலை பத்து மணிக்குக் கையெழுத்துப் போட வேண்டும்.

அந்தப் பெண்ணின் பெயரை இந்த நோட்டில் எழுதப் போவதில்லை.

பிப்ரவரி 9, சனி

இன்று பத்திரிகை வரும் நாள். கையில் பத்திரிகை இல்லாத சனிக்கிழமை எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியாது. சிறையில் கிழமை மறந்திருந்தது. இங்கே காலண்டர் மாட்டியிருக்கிறார்கள்.

நிலையத்திலிருந்து திரும்பும்போது தோழர் போன் செய்தார்.

“சாப்பாடெல்லாம் எப்படி, கோதை?”

“பரவாயில்லை தோழர். பக்கம் யார் போட்டாங்க?”

“சென்னைல ஒரு ஸ்டூடியோல குடுத்தேன். அதை விடு. அந்தத் தாளை உன்கிட்ட யார் குடுத்தது? என்கிட்ட சொல்லவே இல்லையே.”

“போன்ல வேண்டாம் தோழர்.”

“சரி, சரி. நேர்ல பேசலாம். நான் ஒரு நடை வந்து பார்க்கிறேன்.”

வருவதாகச் சொன்னது சந்தோஷமாக இருந்தது. சாயங்காலம் அறையைப் பெருக்கித் துடைத்தேன். உட்கார நாற்காலி இல்லை. ஜெயக்கொடியிடம் கேட்டால் கீழிருந்து ஒன்று தருவார்.

பிப்ரவரி 12, செவ்வாய்

தபாலில் பத்திரிகை வந்தது. படிக்கட்டிலேயே உட்கார்ந்து பிரித்தேன். ஸ்டூடியோக்காரர்கள் படத்தில் தலைகளை வெட்டியிருக்கிறார்கள். நான்காம் பக்கத்தில் ஒரு பத்தியின் கடைசி வரி மட்டும் அடுத்த நெடுவரிசைக் காலத்தின் உச்சியில் தனியாக நிற்கிறது. அதை முந்தைய காலத்தின் அடியில் சேர்க்க அரை நிமிடம் போதும். கை பரபரத்தது.

கடைசிப் பக்கத்தின் அடியில் ‘வடிவமைப்பு: பூங்கோதை’ என்று வழக்கம்போல இருந்தது. நான் செய்யாத பக்கத்துக்கு என் பெயர். ஆனாலும் மூன்று முறை பார்த்தேன்.

பிப்ரவரி 13, புதன்

இன்று முழுக்க நான் வாய்விட்டுப் பேசியது: “வணக்கம்.” “ஒரு தயிர் சாதம்.” “போதும்.”

பிப்ரவரி 16, சனி

கலியமூர்த்தி இன்று ஒரு காகிதத்தை நீட்டினார்.

“ஏம்மா, பத்திரிகையில பக்கம் போடுற ஆளுதானே நீங்க? மக வயித்துப் பேத்திக்குக் காதுகுத்து. பத்திரிகை அடிக்கணும். பிரஸ்காரன் குடுத்ததைப் பாருங்க, நோட்டீஸாட்டம் இருக்கு.”

பெயர்களே இருபத்தேழு இருந்தன. தாய்மாமன் மூன்று பேர், அதில் யார் பெயர் மேலே வரவேண்டும் என்பதில் வீட்டில் சண்டை. மூவரையும் ஒரே வரியில் பக்கத்தில் பக்கத்தில் போட்டுவிடலாம் என்றேன். மனிதர் அசந்துபோனார்.

“இதுக்குத்தாம்மா ரெண்டு நாளா சோறு தண்ணி இல்லாம அடிச்சிக்கிட்டாளுவ!”

கடைத்தெரு பிரவுசிங் சென்டரில், பக்கம் வடிவமைக்கும் பேஜ்மேக்கர் இருந்தது. ஒரு மணி நேரம் உட்கார்ந்து முடித்தேன். மவுஸைப் பிடித்து நான்கு வாரம் ஆகியிருந்தது. வேலை முடிந்த பிறகும் எழுந்திருக்க மனமில்லாமல், பெயர்களுக்கு நடுவே இருந்த இடைவெளியைக் கூட்டியும் குறைத்தும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

தோழர் போன் வரவில்லை. சனிக்கிழமை அவருக்கு வேலை அதிகம்.

பிப்ரவரி 19, செவ்வாய்

இந்த வாரப் பத்திரிகை வந்தது. எட்டாம் பக்கத்தில் அரைப் பக்கத்துக்குத் தோல் ஆலை உரிமையாளர் சங்கத்தின் விளம்பரம், இலவசக் கண் சிகிச்சை முகாமாம். அவர்கள் விளம்பரத்தை நாங்கள் வாங்கியதே இல்லை. முகாம் நல்ல விஷயம்தான், ஏழைகளுக்குப் பயன்படும்.

வடிவமைப்பு என்ற வரி இல்லை. அரைப் பக்க விளம்பரம் வந்தால் அடியில் இடம் இடிக்கும்.

ஏகாம்பரம், முனிரத்தினம் பற்றி எட்டுப் பக்கத்திலும் ஒரு வரி இல்லை. கடைசிவரை தேடினேன்.

பிப்ரவரி 20, புதன்

தோழர் பேசினார்.

“உடம்பு எப்படி இருக்கு, கோதை?”

“இருக்கேன் தோழர். எப்ப வரீங்க?”

“வரணும். அதுக்குள்ள ஒரு விஷயம். அவங்க வக்கீல் வீட்டுக்கு வந்தார். மரியாதையாத்தான் பேசினார். சின்னதா ஒரு வருத்தம் போட்டு, அந்தத் தாளை யார் குடுத்ததுன்னும் சொல்லிட்டா கேஸை வாபஸ் வாங்கிடறாங்களாம்.”

“அந்த ரெண்டு குடும்பம் என்ன ஆகும்?”

“அது லேபர் ஆபீஸ்ல தனியா நடக்கும்மா.”

“நாமே வருத்தம் தெரிவிச்சா அந்தப் பக்கம் பொய்னு ஆயிடும் தோழர். அலமேலுவும் கஸ்தூரியும் வேற எதை எடுத்துட்டுப் போய்க் காட்டுவாங்க?”



“எனக்கு அம்பத்தெட்டு வயசு. பத்திரிகையை மூடச் சொல்றியா?”

“இல்லை.”

“அப்ப யாருன்னு என்கிட்ட மட்டும் சொல்லு.”

“வாக்குக் குடுத்திருக்கேன் தோழர்.”

“என்னைவிட அவங்க முக்கியமா உனக்கு?”

அவர் வைத்துவிட்டார்.

‘என்னைவிட’ என்று அவர் சொன்னது ஆசிரியராகத்தான். வேறு எப்படிச் சொல்வார்? அந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு பகல் முழுவதும் சும்மா உட்கார்ந்திருந்தேன். சமைக்கவில்லை.

பிப்ரவரி 23, சனி

இரண்டு நாளாகக் காய்ச்சல். கையெழுத்துக்குப் போகாவிட்டால் ஜாமீன் ரத்தாகிவிடும். நேற்று சுவரைப் பிடித்துக்கொண்டே படி இறங்கினேன். வேலை முடிந்து வந்த ஜெயக்கொடி கீழே நின்றார்.

“ஏங்க, இப்படி நெருப்பா கொதிக்குது, ஒரு குரல் குடுக்கக் கூடாதா?”

“நீங்க தூங்குவீங்கன்னு…”

“தூக்கம் எங்க போயிடப் போவுது? ஏறுங்க வண்டியில.”

தன் ஸ்கூட்டியிலேயே நிலையத்துக்கு அழைத்துப் போனார். கலியமூர்த்தி பதிவேட்டை வாசலுக்கே எடுத்துக்கொண்டு வந்தார். இறங்காமலேயே கையெழுத்துப் போட்டேன்.

எனக்கு உடம்பு சரியில்லை என்று தோழருக்குச் செய்தி அனுப்பினேன். பார்த்திருக்க மாட்டார்.

பிப்ரவரி 27, புதன்

நிலையத்திலிருந்து வெளியே வந்ததும் எதிர் டீக்கடையில் அவள் நிற்பதைப் பார்த்தேன். பதிவேட்டுப் பக்கத்தைக் கொண்டுவந்தவள். பயந்துபோய், பேசாமல் நடந்து வா என்று கண்ணால் காட்டினேன். இரண்டு தெரு தள்ளி, குளத்துப் படியில் உட்கார்ந்தோம்.

“பஸ் ஸ்டாண்டுல இறங்கி, போலீஸ் ஸ்டேஷன் எங்க இருக்குதுன்னு கேட்டேன்க்கா. பொறந்ததுலருந்து யாரையும் அப்டி கேட்டதில்ல.”

“எதுக்கு வந்த? யாராவது பார்த்தா என்ன ஆகும்?”

“அம்மாவுக்கு டாக்டரக் காட்டணும்னு லீவு கேட்டுகினு வந்தேன். உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும். சொல்லாம தூக்கமே வரல.”

முந்தானை நுனியைச் சுருட்டிக்கொண்டே சொன்னாள். பழைய பதிவேட்டை எடுத்துப்போய்விட்டார்களாம். புது நோட்டு ஒன்றைக் கொடுத்து, அந்த இரண்டு பெயரையும் விட்டுவிட்டு மூன்று மாதத்துக்கும் முதலிலிருந்து எழுதச் சொன்னார்களாம். அவளே எழுதினாளாம், தன் கையால்.

“மேனேஜர் எதிர்லயே உக்காந்துகினு இருந்தாருக்கா. நாலு நாள் எழுதினேன். ஏகாம்பரம் அண்ணன் பேரு வர்ற எடத்துல கை நின்னுச்சு. அப்றம் அடுத்த பேர எழுதிட்டேன்.”

அவளைத் திட்ட எனக்கு வாய் வரவில்லை. அப்பா இல்லாத வீடு அவளுடையது. அம்மா படுத்த படுக்கை.

“எம்மேல கோவமாக்கா?”

“இல்ல.”

“நீங்க இங்க கஷ்டப்படறீங்க. எம் பேர சொல்லிட்டீங்கன்னா வீட்டுக்குப் போயிடலாம்னு பேசிக்கிறாங்க. சொல்லிடுவீங்களா?”

“மாட்டேன்.”

“இன்னும் எத்தினி நாளுக்கு?”

“நாள் கணக்கெல்லாம் இல்ல. சொல்ல மாட்டேன்.”

அழுதாள். ஹோட்டலுக்கு அழைத்துப்போய்ச் சாப்பிட வைத்தேன். இந்த ஊரில் நான் எதிரில் ஆள் இருந்து சாப்பிட்டது இன்றுதான். அவள் பேருந்து திரும்பி மறைந்த பிறகும் அங்கேயே நின்றிருந்தேன்.

இதை எழுதியிருக்கக் கூடாது. ஆனால் யாரிடமாவது சொல்ல வேண்டும்போல இருந்தது.

மார்ச் 4, செவ்வாய்

பத்திரிகை வந்தது. முதல் பக்கம், இரண்டு காலம் அகலத்தில் கறுப்புக் கட்டம். தலைப்பு: வருந்துகிறோம்.

‘முன்னர் ஓர் இதழில் வெளியான வருகைப் பதிவேட்டுப் பக்கம் உண்மையானதா என்று உறுதி செய்யப்படவில்லை. அது ஆசிரியரின் கவனத்துக்கு வராமல், வடிவமைப்பாளர் தம் பொறுப்பில் சேர்த்தது. அவர் இப்போது நம் பத்திரிகையில் இல்லை. நிர்வாகத்துக்கு ஏற்பட்ட மனவருத்தத்துக்கு வருந்துகிறோம். — ஆசிரியர்.’

பத்து மணி ஆகிவிட்டதால் பத்திரிகையைக் கையில் பிடித்தபடியே நிலையத்துக்குப் போனேன். நான் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருக்கும்போது கலியமூர்த்தி அதை எடுத்துப் படித்தார்.

“என்னம்மா இது, ஒங்க ஆளே ஒங்களக் கோத்து வுட்டுட்டாரே!”

“அவருக்கு அங்கே என்ன நெருக்கடியோ.”

“முப்பது வருசமா இந்த வேல பாக்குறேன். எவன் எவனக் கழட்டி வுடுறான்னு எனக்குத் தெரியாதா? ஒக்காருங்க, தண்ணி குடிங்க.”

உட்கார்ந்தேன். தண்ணீர் குடித்தேன்.

மார்ச் 5, புதன்

கையெழுத்துப் போட்டேன்.

மார்ச் 6, வியாழன்

எண்பத்தொன்பதில் எனக்கு இருபத்து நான்கு வயது. அப்பா கட்சிக்குச் சுவரில் எழுதுபவர். அவர் ஏணியில் ஏற முடியாமல் போனபோது நான் ஏறினேன். தோல் தொழிலாளர் வேலைநிறுத்தத்துக்காக ஒரு சுவரில் நான் எழுதிக்கொண்டிருக்கும்போது கீழே ஒருவர் சைக்கிளை நிறுத்திவிட்டு, “இந்த ‘ழ’வை இப்படி வளைக்க யார் சொல்லிக் கொடுத்தது?” என்று கேட்டார். அதுதான் தோழர். மறுவாரம் ‘வெளிச்சுவர்’ தலைப்பெழுத்தை நான் வரைந்தேன். இன்றுவரை அதே எழுத்துதான்.

பெண் பார்க்க வந்தவர்களிடம் வெள்ளிக்கிழமை எனக்கு வேலை இருக்கிறது என்று சொல்லி அனுப்பியிருக்கிறேன். வெள்ளிக்கிழமை பக்கம் முடிக்கும் நாள். அவரும் நானும் ஒரே மேசையில் உட்கார்ந்து பிழை திருத்துவோம். வசுமதி அக்கா டீ கொண்டுவந்து வைத்துவிட்டுப் போவார். அவர் நல்ல மனைவி. அவர்களுக்குள் எந்தக் குறையும் இல்லை.

மார்ச் 7, வெள்ளி

அமலா போன் செய்தார். நிபந்தனையைத் தளர்த்தி உத்தரவு வந்துவிட்டது. திங்களோடு இங்கே முடிகிறது. இனி ஊரிலேயே வாரம் ஒரு கையெழுத்து.

“இன்னொண்ணு. பதினாலாம் தேதி லேபர் ஆபீஸ்ல விசாரணை. உங்களைச் சாட்சியாக் கூப்பிட்டிருக்காங்க. தயானந்தனையும்தான்.”

“சரி.”

“கம்பெனி வக்கீல் என்கிட்ட பேசினார். குடுத்த ஆள் பேரைச் சொல்லிட்டா உங்க மேல இருக்கிற கேஸையும் எடுத்துடறாங்களாம். இல்லைன்னா நீங்க மட்டும் தனியா நிக்கணும். வக்கீல்ங்கிற முறையில சொல்லணும், சொல்லிட்டேன்.”

“வேணாம் மேடம்.”

“அதுவும் தெரியும்” என்றார்.

மார்ச் 10, திங்கள்

கடைசிக் கையெழுத்து. கலியமூர்த்தி காதுகுத்துப் பத்திரிகை ஒன்றை மஞ்சள் தடவி என்னிடம் கொடுத்தார். “இருபத்திமூணாம் தேதி. வருவீங்களோ என்னமோ, இருந்தாலும் வைக்கணும்ல.” ஜெயக்கொடி வேலைக்குப் போய்விட்டார். சாவியைச் சொன்ன இடத்தில் வைத்துவிட்டுக் கிளம்பினேன்.

மார்ச் 11, செவ்வாய்

ஊர். வீட்டைத் திறந்து தூசி தட்டினேன். பிறகு அலுவலகத்துக்குப் போனேன். அது தோழர் வீட்டின் கீழ்த்தளம். வெளிக்கதவு பூட்டியிருந்தது. என் சாவி நுழையவில்லை. சத்தம் கேட்டு வசுமதி அக்கா மாடியிலிருந்து இறங்கி வந்தார்.

“அவரு ஊர்ல இல்லம்மா.”

படியடியில் அவருடைய செருப்பு கிடந்தது. நான் அதைப் பார்த்தேன். நான் பார்த்ததை அக்காவும் பார்த்தார்.

“உள்ள வந்து ஒரு வாய் காபி குடிச்சிட்டுப் போ” என்றார் மெதுவாக. அவர் குரலில் கோபம் இல்லை. பல வருடமாக என்னைப் பற்றி அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்று அந்த நிமிடம் தோன்றியது. இல்லை அக்கா, இன்னொரு நாள் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

மார்ச் 14, வெள்ளி

விசாரணை பதினொரு மணிக்கு ஆரம்பித்தது. நீளமான அறை, ஒரு மேசை, சுவரோரமாகப் பெஞ்சுகள். அலமேலுவும் கஸ்தூரியும் முன்னால் உட்கார்ந்திருந்தார்கள். எதிர்ப்பக்கம் மேலாளர், அவர்கள் வக்கீல், பதிவேட்டை மடியில் வைத்துக்கொண்டு தொழிற்சாலையில் வருகைக் கணக்கு எழுதும் எழுத்தர். அது அவள்தான். என்னைத் தெரிந்ததுபோலக் காட்டிக்கொள்ளவில்லை. நானும்தான். தோழர் எனக்கு முன் பெஞ்சில் இருந்தார். திரும்பவில்லை. கழுத்துப் பக்கம் முடி வெட்ட வேண்டிய அளவுக்கு வளர்ந்திருந்தது.

முதலில் அவரைக் கேட்டார்கள். வருத்தக் குறிப்பில் இருந்ததையே சொன்னார். எனக்குத் தெரியாமல் நடந்தது என்றார். குரல் தடுமாறவில்லை.

அடுத்து என்னைக் கூப்பிட்டார்கள். அதிகாரி, எங்கள் பழைய இதழை மேசைமேல் விரித்தார்.

“இந்தப் பக்கத்தைச் செஞ்சது யாரு?”

“நான்தான் சார்.”

“ஆசிரியருக்குத் தெரியாமலா?”

இரண்டு நாளாக இந்தக் கேள்விக்கு என்ன சொல்வது என்று யோசித்திருந்தேன். ஆமாம் என்று சொல்லிவிடலாம் என்றுகூட நினைத்திருந்தேன். அவருக்காக எதையும் செய்து பழகிவிட்ட மனசு. ஆனால் கஸ்தூரி என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“தெரியும் சார். தலைப்பை எழுதினதே அவர்தான். நாலு காலம் அகலத்துக்கு எழுதினார். நான்தான் எட்டுக் காலமாக்கினேன். அவர் கையால பிழை திருத்தின பிரதி என் வீட்டில் இருந்தது, கொண்டுவந்திருக்கேன்.”

பையிலிருந்து எடுத்துக் கொடுத்தேன். சிவப்பு மையில் அவர் எழுத்து. தோழர் தலையைக் குனிந்துகொண்டார்.

“சரி. பதிவேட்டுப் பக்கத்தை உங்களுக்குக் குடுத்தது யார்?”

“அதைச் சொல்ல மாட்டேன் சார்.”

“சொல்லலைன்னா இது உண்மையான தாள்னு நான் எப்படி எடுத்துக்கிறது?”

“அது உங்க முடிவு சார். நான் சொல்ல மாட்டேன்.”

கம்பெனி வக்கீல் எழுந்தார். “நாங்க அசல் பதிவேட்டையே கொண்டுவந்திருக்கோம். அதுல அந்த ரெண்டு பேரும் இல்ல. பார்த்துக்கலாம்.” கையை நீட்டினார். அவள் பதிவேட்டைக் கொடுக்கவில்லை. மேலாளர், “ம், குடும்மா” என்றார். எழுந்து நின்றாள்.

“இது அசல் இல்ல சார்” என்றாள்.

பதிவேட்டை மேசைமேல் வைத்துப் பிரித்தாள்.

“போன மாசம் எழுதினது. நான்தான் எழுதினேன். எழுதச் சொன்னாங்க. மூணு மாசத்துக்கும் ஒரே பேனா, ஒரே மை, பாருங்க. அசல்ல அவங்க ரெண்டு பேரும் இருந்தாங்க. அந்தத் தாள அக்காவுக்குக் குடுத்ததும் நான்தான்.”

அலமேலு ஓவென்று அழுதாள். மேலாளர் ஏதோ கத்தினார். அதிகாரி அவரை உட்காரச் சொல்லிவிட்டு, பதிவேட்டைக் கைப்பற்றுவதாக எழுதிக்கொண்டார். பிறகு அவளைப் பார்த்து, “உங்க பேரு சொல்லுங்கம்மா” என்றார்.

“நஸ்ரீன்.”

இனி நானும் எழுதலாம். நஸ்ரீன்.

வெளியே தாழ்வாரத்தில் தோழர் காத்திருந்தார். இரண்டு மாதத்தில் பத்து வயது கூடியிருந்தது.

“பத்திரிகையைக் காப்பாத்தணும்னுதான் செஞ்சேன், கோதை. வேற எதுவும் இல்ல.”

“எந்தப் பத்திரிகையை தோழர்?”

கேட்டுவிட்டு நான் படியிறங்கிவிட்டேன். ஒருமுறைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. கீழே வந்ததும் சுவரில் சாய்ந்து நின்றேன்.

மார்ச் 15, சனி

நஸ்ரீனுக்கு வேலை போய்விட்டது. அது நேற்று மாலையே வந்த செய்தி. இன்று காலை ஆவணத் திருட்டு வழக்கில் விசாரிக்க வேண்டும் என்று அவளைக் காவல் நிலையத்துக்கு வரச் சொன்னார்கள். அவள் அடுத்த வீட்டுப் பெண்ணிடம் அம்மாவை விட்டுவிட்டு, தனியாகக் கிளம்பிக்கொண்டிருந்தாள். நானும் அமலாவும் போய்ச் சேர்ந்துகொண்டோம்.

வக்கீலை மட்டும் உள்ளே விட்டார்கள். நான் வெளியே மரத்தடி பெஞ்சில் உட்கார்ந்தேன். பத்து மணிக்கு உட்கார்ந்தவள். வெயில் ஏறியது. இடையில் அலமேலு வந்து ஒரு சொம்பு மோர் கொடுத்துவிட்டு வேலைக்குப் போனாள். சாலையில் ஒருவன் சைக்கிளில் ‘வெளிச்சுவர்’ கட்டை எடுத்துக்கொண்டு போனான். வாங்கிப் பார்க்கத் தோன்றவில்லை.

ஜனவரியில் என்னை இதே நிலையத்தில்தான் ஒரு பகல் முழுக்க வைத்திருந்தார்கள். ஜன்னல் வழியாக இந்தப் பெஞ்ச் தெரியும். யாராவது வந்து உட்காருவார்கள் என்று நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். யாராவது என்றால் யார் என்று எனக்குத் தெரியும். பத்தொன்பது வருடமும் நான் ஒரு பத்திரிகைக்காக மட்டும் அந்த மேசையில் உட்கார்ந்திருக்கவில்லை. யாரிடமும் சொன்னதில்லை, இந்த நோட்டிலும் எழுதியதில்லை. இப்போது எழுதிவிட்டேன். அவ்வளவுதான்.

நாலரை மணிக்கு அமலா வெளியே வந்தார். கைது இல்லை, திங்கள்கிழமை மறுபடி வரச் சொல்லியிருக்கிறார்கள் என்றார். பின்னாலேயே நஸ்ரீன் வந்தாள். முகம் வெளுத்திருந்தது. வாசலில் நின்று இரண்டு பக்கமும் பார்த்தாள். பிறகுதான் என்னைப் பார்த்தாள்.

“அக்கா, காலையிலருந்து இங்கயேவா இருக்கீங்க?”

“ஆமா.”

“எதுக்குக்கா? சாப்டக்கூட இல்லியா?”

“நீ ஜன்னல் வழியா பார்ப்பியோன்னு இருந்தேன்.”

“பாத்தேன்” என்றாள். “நாலஞ்சு தடவ பாத்தேன்.”

அவள் வீட்டுக்கு நடந்தோம்.